வாக்குக் கொடுத்தவர்கள் செலுத்திய விலை: 1936-ன் ‘ஒரே மகன்’ குறித்து ஒரு நிகழ்வு ஆய்வு

எதைப் பற்றிய ஆய்வு

ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசுவின் முதல் முழுநீளப் பேசும்படம் ‘ஒரே மகன்’. ஜப்பானில் ‘ஹிதோரி முசுகோ’ என்ற பெயரில் 1936 செப்டம்பரில் வெளிவந்தது. படத்துக்குள் ஒரு விதவைத் தாய், படிக்க வைக்கிறேன் என்று மகனுக்கு வாக்குக் கொடுக்கிறார். படத்துக்கு வெளியே ஓர் இயக்குநர், உன் கருவியில்தான் என் முதல் பேசும்படம் என்று தன் ஒளிப்பதிவாளருக்கு வாக்குக் கொடுத்திருந்தார். இருவரும் வாக்கைக் காப்பாற்றினார்கள். காப்பாற்றுவதற்கு ஆன செலவு இரண்டு இடத்திலும் நினைத்ததைவிடப் பெரிதாக இருந்தது.

கடமை, கடன், வறுமை என்று பேசும்போது நாம் வழக்கமாக வாக்கை மீறியவர்களைத்தான் ஆராய்கிறோம். காப்பாற்றியவர்கள் என்ன கொடுத்தார்கள் என்ற கணக்கை எடுப்பது குறைவு. அந்தக் கணக்குக்கு இந்த நிகழ்வு நன்றாக உதவும். ஓசுவைத் தவிர, சம்பவத்தில் நேரடியாகச் சம்பந்தப்பட்டவர்களை அவரவர் பொறுப்பையும் உறவையும் கொண்டே குறிப்பிடுகிறேன்.

பின்னணி: பேச மறுத்த ஐந்து ஆண்டுகள்

ஓசு 1903-ல் டோக்கியோவின் ஃபுகாகாவாவில் பிறந்தவர். தந்தை உர வியாபாரி. பள்ளிப் படிப்புக்குப் பின் மேற்படிப்புக்கான நுழைவுத் தேர்வுகளில் தேறாமல், மியே மாவட்டத்து மலைக்கிராமம் ஒன்றில் ஓராண்டு காலம் தற்காலிக ஆசிரியராக இருந்தார். இந்தத் தகவலை நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. படத்தில் வரும் கிராமத்து வாத்தியார் வெறும் கற்பனையில் உருவானவர் இல்லை என்று நினைக்க இது இடம் தருகிறது. 1923-ல் ஷோச்சிகு நிறுவனத்தின் கமாதா படப்பிடிப்பு நிலையத்தில் உதவி ஒளிப்பதிவாளராகச் சேர்ந்தார். 1927-ல் முதல் படம் இயக்கினார்.

தமிழின் முதல் பேசும்படம் ‘காளிதாஸ்’ வெளிவந்த அதே 1931-ல்தான் ஷோச்சிகுவும் தன் முதல் முழுப் பேசும்படத்தை வெளியிட்டது. ஒலிப்பதிவு, நிறுவனத்துக்காகவே உருவாக்கப்பட்ட சுசிஹாஷி முறையில் நடந்தது. ஆனால் ஜப்பானில் மௌனப்படம் உடனே சாகவில்லை. திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்லும் பென்ஷிகளுக்கு அங்கே பெரிய செல்வாக்கு இருந்தது. ஒலிக்கருவி வாங்க எல்லாத் திரையரங்குகளிடமும் பணமும் இல்லை. ஆகவே ஓசு மௌனப்படங்களைத் தொடர்ந்து எடுத்ததில் முதலில் யாருக்கும் வியப்பில்லை. 1932, 1933, 1934 என்று மூன்று ஆண்டுகளும் கினெமா ஜுன்போ இதழின் சிறந்த ஜப்பானியப் படம் அவருடையதுதான். மூன்றுமே மௌனப்படங்கள்.

அப்புறம் நிலைமை மாறியது. சக இயக்குநர்கள் ஒவ்வொருவராக ஒலிக்கு மாறினார்கள். ஷோச்சிகுவில் இருந்த மிக்கியோ நருசே 1934-ல் வேறு நிறுவனத்துக்குப் போய் அடுத்த ஆண்டே பேசும்படம் எடுத்துவிட்டார். ஓசு மட்டும் காத்திருந்தார். அவருடைய நீண்டநாள் ஒளிப்பதிவாளர், நிறுவனத்தின் முறைக்கு மாற்றாகத் தனியாக ஓர் ஒலிப்பதிவு முறையை உருவாக்கிக்கொண்டிருந்தார். அது முடியும்வரை பேசும்படம் எடுப்பதில்லை என்று ஓசு சொல்லியிருந்தார்.

எப்போது முடியும் என்று தேதி இல்லை. ஆய்வு நோக்கில் முதலில் பதிவு செய்ய வேண்டியது இந்த ஒன்றைத்தான்.

1935: சோதனையும் இடைக்கால ஏற்பாடுகளும்

1935-ல் ஓசு ஒலியோடு ஒரு குறும்படம் எடுத்தார். ஜப்பானிய மரபு நாடகமான கபுகியின் நடிகர் ஆறாம் ஒனோஎ கிகுகோரோவின் சிங்க நடனத்தைப் பதிவு செய்த ஆவணப்படம் அது. நடனத்தையும் இசையையும் பதிவு செய்வது ஒரு வேலை. நடிகர்கள் சாதாரணமாகப் பேசும் பேச்சைக் காட்சிக் காட்சியாகப் பிடிப்பது வேறு வேலை. அதே ஆண்டு ஓசு எடுத்த ‘டோக்கியோவில் ஒரு விடுதி’யில் பின்னணி இசை மட்டும் உண்டு, பேச்சு கிடையாது. வேலை தேடி இரண்டு பையன்களுடன் தொழிற்சாலைப் புறநகரில் அலையும் ஒரு தகப்பனின் கதை. பேசும்படக் காலத்துக்கும் மௌனப்படக் காலத்துக்கும் நடுவில் நிற்கிற படம்.

‘ஒரே மகன்’ படத்தின் கதையும் முதலில் மௌனப்படமாகவே திட்டமிடப்பட்டது. அதைக் கைவிட்டுவிட்டு, பேசும்படமாக மாற்றி எழுதினார்கள்.

எடுத்த முடிவு, அதன் நெருக்கடி

1936 ஜனவரியில் ஷோச்சிகு கமாதாவைக் காலி செய்து ஓஃபுனாவுக்கு மாறியது. கமாதாவைச் சுற்றிலும் தொழிற்சாலைகள் பெருகிவிட்டன; அந்தச் சத்தத்தில் பேசும்படம் எடுக்க முடியவில்லை என்பது முக்கியக் காரணம். புது நிலையத்தில் எல்லா வசதியும் இருந்தது. ஆனால் அங்கே நிறுவனத்தின் சுசிஹாஷி முறைதான் நடைமுறை. ஒளிப்பதிவாளரின் கருவியை அங்கே பயன்படுத்த வழியில்லை.

ஓசுவுக்கு முன்னால் இரண்டு வழிகள் இருந்தன. ஓஃபுனாவுக்குப் போய் நிறுவனத்தின் கருவியில் எடுக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள், நண்பரைத் தவிர. அல்லது எல்லோரும் விட்டுப்போன கமாதாவிலேயே தங்கி நண்பரின் கருவியில் எடுக்கலாம். அவர் இரண்டாவதைத் தேர்ந்தெடுத்தார். சத்தம் என்று சொல்லி நிறுவனமே காலி செய்த கட்டடத்தில், ஒலி முதன்மையான ஒரு படத்தை எடுக்க முடிவு செய்தார்.

பகலில் மின்ரயில்கள் ஓடும் இரைச்சலில் ஒரு வசனம்கூடத் தெளிவாகப் பதிவாகாது. ரயில்கள் நின்ற பிறகு, நள்ளிரவில் தொடங்கி விடியும்வரை எடுத்தார்கள். ஓர் இரவில் சில ஷாட்கள்தான் முடிந்தன. நடிகர்கள் பகலில் தூங்கி இரவில் வேலை செய்தார்கள். ஒருவருக்குக் கொடுத்த வாக்கின் விலையைப் பலர் சேர்ந்து கட்டினார்கள் என்பதைப் பெருமையாகவோ குற்றமாகவோ சொல்லாமல், நடந்ததாக மட்டும் எழுதிவைக்கிறேன்.

திரையில் உள்ள குடும்பம்: 1923-ன் வாக்கு

இப்போது படத்துக்குள் போவோம். 1923, மத்திய ஜப்பானின் ஷின்ஷு. இன்றைய நாகானோ மாவட்டம். மலைகளுக்கு நடுவே பட்டுநூல் ஆலைகளால் வாழ்ந்த வட்டாரம் இது. அந்தக் காலத்தில் ஜப்பானின் ஏற்றுமதியில் முதலிடம் கச்சாப் பட்டுநூலுக்கு. பெரும்பகுதி அமெரிக்காவுக்குப் போனது. ஆலையில் கூட்டிலிருந்து நூல் பிரிக்கும் வேலை பெண்களுடையது. தாயும் அந்த ஆலையில்தான் வேலை செய்கிறார். கணவர் இல்லை. சொந்தமாக ஒரு வீடும் கொஞ்சம் மல்பெரித் தோட்டமும் உண்டு.

கட்டாயக் கல்வி அப்போது ஆறு ஆண்டுத் தொடக்கப்பள்ளியோடு முடிந்துவிடும். அதற்கு மேல் ஐந்து ஆண்டு நடுநிலைப்பள்ளி, கட்டணம் கட்டிப் படிக்க வேண்டியது. பையன் கெட்டிக்காரன். அம்மா மேலே படிக்கச் சம்மதித்துவிட்டார் என்று வாத்தியாரிடம் பொய் சொல்லிவிடுகிறான். வாத்தியார் மகிழ்ச்சியோடு வீட்டுக்கு வந்து தாயைப் பாராட்டுகிறார். வந்தவர் முன்னால் மறுக்க முடியாமல் அவர் தலையாட்டுகிறார். வாத்தியார் போன பிறகு மகனைக் கண்டிக்கிறார். பிறகு யோசித்து, படி, மற்றதைப் பற்றி நீ கவலைப்படாதே என்கிறார். நான் பெரிய ஆளாக வருவேன் என்று மகனும் வாக்குக் கொடுக்கிறான். வாத்தியாரும் இந்தக் கிராமத்தில் இருந்தால் முன்னேற முடியாது என்று டோக்கியோவுக்குப் புறப்படுகிறார்.

முடிவு எடுக்கப்பட்ட விதத்தைக் கவனியுங்கள். தாய் வரவு செலவு பார்த்து எடுத்த முடிவு இல்லை அது. ஒரு பொய், ஒரு மரியாதைக்குரிய விருந்தாளி, ஒரு சங்கடம் ஆகிய மூன்றும் சேர்ந்து அவரை அந்த இடத்துக்குத் தள்ளின. ஆனால் ஒருமுறை சொன்ன பிறகு பின்வாங்கவில்லை. இதைத் தியாகம் என்று மட்டும் சொல்லிக் கடந்துபோவது அவருடைய புத்திக்கு நாம் செய்யும் அவமரியாதை. இருந்த சூழ்நிலையில் படிப்புதான் ஒரே ஏணி என்று அவர் கணக்குப் போட்டார். 1923-ல் அந்தக் கணக்கு சரியாகவே இருந்தது.

இடையில் நடந்தது

படம் இந்த இடைக்காலத்தைக் காட்டாமல் தாண்டிவிடுகிறது. அதை நாம் வரலாற்றிலிருந்து நிரப்பிக்கொள்ள வேண்டும். 1929-ல் நியூயார்க் பங்குச்சந்தை சரிந்ததும் அமெரிக்கர்கள் பட்டு வாங்குவதைக் குறைத்தார்கள். இரண்டே ஆண்டுகளில் பட்டுநூல் விலை பாதி அளவுக்கு விழுந்தது. கூடு வளர்த்து விற்ற விவசாயக் குடும்பங்களும் நூல் ஆலைகளும் ஒரே நேரத்தில் அடிபட்டன. ஷின்ஷு அடிபட்ட வட்டாரங்களில் முன்வரிசையில் இருந்தது. டோக்கியோவிலோ படித்தவர்களுக்கு வேலை இல்லை. 1929-ல் ஓசுவே ‘பட்டம் வாங்கினேன், ஆனால்...’ என்று ஒரு படம் எடுத்தார். அந்தத் தலைப்பு அந்தக் காலத்து மக்கள் வாயில் வழக்குச் சொல்லாகவே ஆகிவிட்டது.

அதாவது வாக்குக் கொடுத்தவரின் கையில் இருந்த பொருளும் மதிப்பிழந்தது, வாக்குக்குப் பதிலாகக் கிடைக்க வேண்டியிருந்த வேலையும் இல்லாமல் போனது. தாயோ மகனோ தவறு செய்ததால் வந்தது இல்லை இது. ‘நீ இன்னும் கடுமையாக உழைத்திருக்கலாம்’ என்று பின்னால் தாய் மகனிடம் சொல்லும்போது, இந்த விலைச்சரிவு அவருடைய கண்ணுக்குத் தெரிவதில்லை. சொந்தத் தோட்டத்தை விற்ற ஒருவருக்கு அது தெரியாமல் போவது இயல்புதான். ஆனால் நாம் பார்க்கத் தவறக் கூடாது.

1936: டோக்கியோவில் கண்டவை

மகன் டோக்கியோவில் வேலையில் இருக்கிறான் என்று சக தொழிலாளியிடம் பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்த தாய், அவனைப் பார்க்க முதன்முறையாக வருகிறார். வீடு நகரின் ஓரத்தில், வெட்டவெளியில் இருக்கிறது. நகரத்துக் குப்பையை எரிக்கும் ஆலையின் புகைபோக்கிகள் தூரத்தில் தெரிகின்றன. மகனுக்குக் கல்யாணம் ஆகிவிட்டது, கைக்குழந்தையும் இருக்கிறது. இரண்டையும் தாயிடம் சொல்லவில்லை. இரவுப் பள்ளியில் கணக்கு வாத்தியாராக வேலை, குறைந்த சம்பளம். தாயைச் சுற்றிக்காட்டச் சக ஆசிரியர்களிடம் கடன் வாங்குகிறான்.

பழைய வாத்தியாரையும் பார்க்கிறார்கள். டோக்கியோவில் பெரிய ஆளாக ஆசைப்பட்டு வந்தவர், இப்போது டோன்காட்சு கடை நடத்துகிறார். பன்றிக்கறியைத் தூள் தடவிப் பொரித்து விற்கும் சின்னக் கடை. பல பிள்ளைகள். வாத்தியாரின் முகத்தில் கசப்பு இல்லை, களைப்பு இருக்கிறது. மகனின் நிலை தனி ஒருவனின் தோல்வி இல்லை என்பதற்கு இந்த ஒரு காட்சியே சாட்சி. படித்தவன், படிப்பித்தவன் இருவரும் ஒரே சுவரில் முட்டி நிற்கிறார்கள்.

மகன் தாயை ஒரு ஜெர்மன் பேசும்படத்துக்குக் கூட்டிப்போகிறான். இதுதான் டாக்கி அம்மா என்கிறான். அவர் தூங்கி விழுகிறார். ஐந்து ஆண்டு காத்திருந்து தன் முதல் பேசும்படத்தை எடுத்த இயக்குநர், அதனுள்ளேயே ஒரு பேசும்படத்தின் முன்னால் ஒரு கிழவியைத் தூங்கவைத்தார். அந்த ஜெர்மன் படத்தின் பாட்டும் பகட்டும் தாய்க்கு எதுவும் சொல்லவில்லை; மகன் செலவழிக்கும் காசுதான் அவருக்குக் கேட்கிறது என்று நான் இதைப் புரிந்துகொள்கிறேன்.

மறைத்தவை வெளிவந்த இரவு

புகைபோக்கிகள் தெரியும் புல்வெளியில் உட்கார்ந்து மகன் கேட்கிறான்: அம்மா, நான் இப்படி இருப்பேன் என்று நினைத்தீர்களா? டோக்கியோவில் கூட்டம் அதிகம், இதற்கு மேல் ஏற முடியாது என்கிறான். அன்று இரவு தாய் கேட்கிறார், இந்த வயதில் எப்படி விட்டுக்கொடுத்தாய் என்று. வாக்குவாதத்தின் நடுவில் உண்மை வருகிறது. வீட்டை விற்றாகிவிட்டது. தோட்டத்தையும் விற்றாகிவிட்டது. இப்போது இருப்பது ஆலை கொடுத்த வரிசைவீட்டில். எனக்கு எதுவும் வேண்டாம், நீ நன்றாக இருந்தால் போதும் என்றுதான் விற்றேன் என்கிறார். பக்கத்து அறையில் மருமகள் கேட்டு அழுகிறார்.

இரண்டு பக்கமும் மறைத்திருக்கிறார்கள். தாய் விற்றதை மறைத்தார். மகன் வேலையையும் கல்யாணத்தையும் மறைத்தான். இருவரும் மறைத்தது அன்பினால்தான். மகனுக்குப் பாரமாகிவிடக் கூடாது என்று தாய் மறைத்தார், தாய் மனம் உடையக் கூடாது என்று மகன் மறைத்தான். ஆனால் அந்த மறைப்பினால் இருவருமே பழைய தகவலை வைத்துக்கொண்டு முடிவெடுத்தார்கள். வீடு போனது தெரிந்திருந்தால் மகன் மேலே முயல்வதை நிறுத்தியிருக்க மாட்டான். அல்லது வேறு வேலைக்காவது போய் அம்மாவைக் கூட்டிவந்திருப்பான். மகனின் நிலை தெரிந்திருந்தால் தாயும் கடைசித் தோட்டத்தையாவது வைத்திருப்பார். பணம் இல்லாததைவிட, பணம் இல்லை என்ற செய்தி போய்ச் சேராததே இந்தக் குடும்பத்துக்கு அதிகச் செலவு வைத்தது என்பது என் கணிப்பு.

இந்த வாக்குவாதத்துக்குப் பின் ஓசு அறையின் ஒரு மூலையை மட்டும் காட்டுகிறார். ஆள் யாரும் இல்லை. ஒரு நிமிடத்துக்கு அருகில் அந்த ஷாட் நீள்கிறது, விடிகிறது. ஒளிப்பதிவாளரின் கருவிக்காகக் காத்திருந்த ஆண்டுகள் வீணாகவில்லை என்று எனக்குத் தோன்றும் இடம் இதுதான். பேச்சு இருந்தால்தான் பேச்சு நின்றதை உணர முடியும். மௌனப்படத்தில் இந்த ஷாட்டுக்கு இதே கனம் கிடைத்திருக்காது.

விளைவு

மறுநாள் ஒரு விபத்து. பக்கத்து வீட்டுப் பையன் குதிரையிடம் உதைபட்டுக் காயமடைகிறான். மகன் அவனைத் தூக்கிக்கொண்டு மருத்துவமனைக்கு ஓடுகிறான். தாயை வெளியே கூட்டிப்போக வைத்திருந்த பணத்தை அந்தப் பையனின் விதவைத் தாயிடம் கொடுத்துவிடுகிறான். அவனுடைய தாய் மனம் நெகிழ்கிறார். நீ பணக்காரனாக ஆகியிருந்தால் இப்படி இருந்திருப்பாயோ என்னவோ, ஊருக்குக் கொண்டுபோக எனக்கு இதைவிட நல்லது எதுவும் இல்லை என்ற பொருளில் பேசுகிறார். பேரனுக்கென்று கொஞ்சம் பணம் வைத்துவிட்டு ஊர் திரும்புகிறார். மகன் மறுபடியும் படித்து ஆசிரியர் தகுதித் தேர்வு எழுதப்போவதாக மனைவியிடம் சொல்கிறான்.

ஊரில் சக தொழிலாளி கேட்கும்போது, என் மகன் பெரிய ஆளாகிவிட்டான் என்கிறார் தாய். பிறகு ஆலையின் பின்பக்கம் போய்த் தனியே உட்கார்கிறார். அந்த முகத்தில் பெருமை இல்லை. இந்த முடிவை வெற்றி என்றும் எழுத முடியாது, தோல்வி என்றும் எழுத முடியாது. மகனின் நல்ல மனதைத் தாய் உண்மையாகவே மதித்தார். அதே நேரம், நல்ல மனது வீட்டைத் திருப்பித் தராது என்பதும் அவருக்குத் தெரியும். படம் ஜப்பானிய எழுத்தாளர் அகுதாகவாவின் ஒரு வரியோடு தொடங்குகிறது: வாழ்க்கைத் துயரத்தின் முதல் அங்கம் பெற்றோர் பிள்ளை உறவில் ஆரம்பிக்கிறது என்று. அதை ஓசு நிரூபிக்கவும் இல்லை, மறுக்கவும் இல்லை.

படத்துக்கு வெளியே நடந்த விளைவுகள் சுருக்கமானவை. கினெமா ஜுன்போவின் அந்த ஆண்டுப் பட்டியலில் ‘ஒரே மகன்’ நான்காவது இடம் பெற்றது. மௌனப்படத்தின் கைப்பழக்கம் இதில் என்னை விடவில்லை என்று ஓசு பின்னாளில் சொல்லியிருக்கிறார். அடுத்த படத்தை ஓஃபுனாவில் எடுத்தார். வாக்கு நிறைவேறிவிட்டது, நிறுவனத்தின் ஒலி முறையை ஏற்க இனித் தடையில்லை. 1937 செப்டம்பரில் ராணுவத்துக்கு அழைக்கப்பட்டு சீனாவுக்குப் போனார்.

என்ன மாறியிருக்கலாம்

இயக்குநர் விஷயத்தில் நான் மாற்றச் சொல்வது ஒன்றைத்தான்: காலக்கெடு. வாக்கு தப்பில்லை. ஆனால் இன்ன ஆண்டுவரை காத்திருப்பேன் என்று ஆரம்பத்திலேயே பேசியிருந்தால், கருவி செய்தவருக்கும் இலக்கு இருந்திருக்கும், இரவில் கண்விழித்த குழுவுக்கும் ஒரு கேள்வி கேட்க இடம் இருந்திருக்கும். காத்திருந்ததால் நல்ல படம் வந்தது என்பது காத்திருந்த முறை சரி என்பதற்கு ஆதாரம் ஆகாது.

குடும்பத்தில் மாறியிருக்க வேண்டியது முதல் கடிதம். கல்யாணச் செய்தியை எழுதியிருந்தாலே போதும்; அதற்குப் பதிலாகத் தாயும் வீட்டு விஷயத்தை எழுதியிருப்பார் என்று நம்பக் காரணம் இருக்கிறது, ஏனென்றால் அந்த இரவு ஒருவர் வாய்திறந்ததும் மற்றவரும் திறந்துவிடுகிறார்.

இன்னொன்றும் உண்டு. இந்தப் படத்தைப் பற்றிப் பேசும்போது பெரும்பாலும் தாயையும் மகனையும் மட்டுமே எடைபோடுகிறோம். மகன் மருத்துவமனையில் கொடுத்தானே, தாய் அவ்வளவு பாராட்டினாரே, அந்தப் பணம் எங்கிருந்து வந்தது? இரவில் அழுத மருமகள், மாமியாரை எங்காவது கூட்டிப்போங்கள் என்று தன் கிமோனோவை விற்றுக் கொண்டுவந்து கொடுத்த பணம் அது. வீட்டை விற்ற தாயும் உடையை விற்ற மருமகளும் செய்தது ஒரே காரியம்தான். முதலாவது படத்தின் நடு மையமாக நிற்கிறது, இரண்டாவது மகனின் நல்ல குணமாகப் பதிவாகிறது. நிகழ்வைத் திரும்ப ஆய்வு செய்பவர்கள் வரவு செலவை மருமகளின் பக்கத்திலிருந்து தொடங்கினால், கடமையின் சுமை ஒரு தலைமுறையிலிருந்து அடுத்த தலைமுறைக்கு யார் கைவழியாகப் போகிறது என்பது தெளிவாகும். அவர் அடுத்து எதை விற்பார், பேரனின் பள்ளிக் கட்டணம் வரும்போது யார் தலையாட்டுவார் என்ற கேள்விகளையும் அங்கிருந்துதான் கேட்க முடியும்.